மணவயதும் மகளிர் உடல்நலமும்: ஆய்வுகள் காட்டும் உண்மைகள்

ஒரு நாட்டின் பெண்கள் எந்த வயதில் மணவாழ்வில் புகுகின்றனர் என்பது குடும்பங்களின் சொந்த விவகாரமாகவே நெடுங்காலம் கருதப்பட்டு வந்தது. ஆனால் ஒரு பெண் பள்ளியில் கழிக்கும் ஆண்டுகள், அவளது முதற் பேற்றின் போது நேரக்கூடிய ஆபத்துகள், பிறக்கும் குழந்தையின் எடை, அக்குழந்தையின் வளர்ச்சி ஆகிய யாவும் அவ்வயதோடு பிணைந்துள்ளன. எனவேதான் பொருளாதார வல்லுநர்களும் மருத்துவர்களும் மக்கள் தொகை ஆய்வாளர்களும் மணவயதைத் தத்தம் துறையின் பொருளாகக் கொண்டு ஆராய்ந்து வருகின்றனர்.

1992-93ஆம் ஆண்டில் நடத்தப்பட்ட முதல் தேசியக் குடும்பநல ஆய்வின்படி, 20 முதல் 24 வயது வரையிலான பெண்களில் ஏறத்தாழ 54 சதவீதத்தினர் 18 வயது நிறையும் முன்பே மணம் செய்விக்கப்பட்டவர்கள். 2005-06இல் இவ்விகிதம் 47.4 ஆகவும், 2015-16இல் 26.8 ஆகவும், 2019-21இல் 23.3 ஆகவும் குறைந்தது. இது பெரும் மாற்றம் என்பதில் ஐயமில்லை. எனினும் 2005-06க்குப் பிந்தைய பத்தாண்டுகளில் காணப்பட்ட வேகம் அடுத்த ஐந்தாண்டுகளில் காணப்படவில்லை. நான்கில் ஒரு பெண் என்னும் நிலையை ஒட்டி நாடு நின்ற வேளையில், கேரளத்தில் இவ்விகிதம் 6.3 ஆகவும், மேற்கு வங்கத்தில் 41.6 ஆகவும், பீகாரில் 40.8 ஆகவும், திரிபுராவில் 40.1 ஆகவும் இருந்தது. இவ்வேறுபாடு எதனால் ஏற்பட்டது, எம்முறைகள் பயன் தந்தன, எவை தரவில்லை என்பவற்றை ஆராய்வது திட்டமிடுவோரின் கடமையாகிறது.

சட்டம் வளர்ந்த வரலாறு

1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம் பெண்ணின் இசைவு வயதை 10 என வகுத்திருந்தது. 1890இல் கல்கத்தாவில் பூல்மணி தாசி என்னும் சிறுமி, வயதில் மிக மூத்த தன் கணவனுடன் நேர்ந்த கூடலின் விளைவாக உயிரிழந்தாள். அவள் 10 வயதைக் கடந்திருந்தமையால் கணவன் மீது வன்புணர்ச்சிக் குற்றம் சாட்டச் சட்டத்தில் இடமில்லாது போயிற்று. இந்நிகழ்ச்சி நாடெங்கும் விவாதத்தை எழுப்பியது. இந்தியாவில் பணியாற்றிய பெண் மருத்துவர்கள் பலர் ஒன்றுகூடி, தாங்கள் நேரில் மருத்துவம் செய்த சிறுமிகளுக்கு நேர்ந்த காயங்களையும் மரணங்களையும் பட்டியலிட்டு அரசுக்கு விண்ணப்பம் அளித்தனர். சமூக வழக்கம் ஒன்றின் தீமையை மருத்துவச் சான்றுகளின் துணையுடன் அரசின் முன் வைத்த தொடக்ககால முயற்சிகளுள் இது குறிப்பிடத்தக்கது. 1891இல் இசைவு வயது 12 ஆக உயர்த்தப்பட்டது. அந்நிய அரசு இந்து சமூக வழக்கங்களில் தலையிடலாகாது எனத் திலகர் உள்ளிட்ட பலர் அச்சட்டத்தை எதிர்த்தனர்.

அதே காலத்தில் பம்பாயில், தன் அறியாப் பருவத்தில் நிகழ்ந்த மணத்தை ஏற்க மறுத்து நீதிமன்றத்தில் போராடிய ருக்மாபாய், பின்னர் இங்கிலாந்து சென்று மருத்துவம் பயின்று, சூரத்திலும் ராஜ்கோட்டிலும் மருத்துவராகப் பணியாற்றினார். சென்னைச் சட்டசபையில் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி 1928இல் மணவயதை உயர்த்தக் கோரும் தீர்மானத்தைக் கொண்டுவந்தார். மருத்துவத் துறையும் மகளிர் உரிமை இயக்கமும் தொடக்கத்திலிருந்தே இணைந்து நடந்தமைக்கு இவை சான்று.

அஜ்மீரைச் சேர்ந்த ஹர்பிலாஸ் சாரதாவின் முயற்சியால் 1929இல் குழந்தை மணத் தடுப்புச் சட்டம் நிறைவேறியது. பெண்ணுக்கு 14, ஆணுக்கு 18 என மணவயது வகுக்கப்பட்டது. சட்டம் 1930 ஏப்ரல் 1ஆம் நாள் முதல் நடைமுறைக்கு வரும் என முன்கூட்டியே அறிவிக்கப்பட்டதால், அந்நாளுக்கு முன்பே பிள்ளைகளுக்கு மணம் முடித்துவிடப் பெற்றோர் விரைந்தனர். 15 வயதுக்குட்பட்ட மனைவியரின் எண்ணிக்கை முந்தைய கணக்கெடுப்பைவிட 1931இல் உயர்ந்து காணப்பட்டதற்கு இவ்விரைவே பெரிதும் காரணம். ஒரு தீமையைத் தடுக்க வந்த சட்டம் தற்காலிகமாக அதனைப் பெருக்கியது என்பது பிற்காலத்தவர் நினைவிற் கொள்ளத்தக்க பாடமாகும்.

பெண்ணின் மணவயது 1949இல் 15 ஆகவும், 1978இல் 18 ஆகவும் உயர்த்தப்பட்டது. 2006இல் இயற்றப்பட்டு 2007 நவம்பரில் நடைமுறைக்கு வந்த குழந்தை மணத் தடைச் சட்டம் தண்டனையைக் கடுமையாக்கியதோடு, தடுப்பு அலுவலர்களை நியமிக்கவும், நடக்கவிருக்கும் மணத்தை நீதிமன்ற ஆணையால் நிறுத்தவும் வழிசெய்தது. இச்சட்டப்படி பதினெட்டுக்குட்பட்ட வயதில் நடந்த மணம் தானாகவே செல்லாததாகிவிடுவதில்லை. மணம் செய்விக்கப்பட்டவர் உரிய வயதெய்திய இரண்டு ஆண்டுகளுக்குள் கோரினால் நீதிமன்றம் அதனை இரத்து செய்யலாம். கடத்தல், வற்புறுத்தல், விற்பனை போன்றவற்றால் நடந்த மணங்கள் தொடக்கத்திலிருந்தே செல்லாதவை. பெண்ணின் மணவயதை 21 ஆக உயர்த்த 2021இல் கொண்டுவரப்பட்ட மசோதா, 2024இல் மக்களவை கலைக்கப்பட்டதை அடுத்துக் காலாவதியாயிற்று.

அளவுகோல் பற்றிய தெளிவு

மணவயது மாற்றத்தை அளக்க இருவகை அளவுகோல்கள் வழக்கில் உள்ளன. 1953இல் ஜான் ஹஜ்னல் வகுத்த முறைப்படி, கணக்கெடுப்பில் ஒவ்வொரு வயதுப் பிரிவிலும் மணமாகாதோர் எத்தனை விகிதம் என்பதைக் கொண்டு சராசரி மணவயதைக் கணிக்கலாம். இம்முறையில் இந்தியப் பெண்களின் சராசரி மணவயது 1961இல் ஏறத்தாழ 16 ஆகவும், 1981இல் 18ஐச் சற்றே கடந்தும், 1991இல் 19க்கு மேலும் இருந்தது. ஆனால் சராசரி 19ஐத் தாண்டிய அக்காலத்திலேயே இளம் பெண்களில் பாதிக்கு மேற்பட்டோர் 18க்கு முன் மணமானவர்கள் என்பதை மேலே கண்டோம். கற்றோர் குடும்பங்களில் மணம் தாமதமாவது சராசரியை உயர்த்திவிடுவதால், எஞ்சியோரின் நிலை அதனுள் மறைந்துவிடுகிறது.

இக்குறையை நீக்கவே, 20-24 வயதினரில் 18க்கு முன் மணமானோர் விகிதம் என்னும் அளவுகோல் கையாளப்படுகிறது. 15 அல்லது 16 வயதுப் பெண்களையே கணக்கிட்டால், இன்று மணமாகாதவர் நாளையே மணம் செய்விக்கப்படலாம் என்பதால் முழு உண்மை புலப்படாது. 20ஐக் கடந்தவரிடம் கேட்டால் ஐயத்திற்கு இடமில்லை. ஆயினும் இவ்வளவுகோல் கடந்த காலத்தையே காட்டும். 2020இல் 20-24 வயதிலிருந்தோர் 18 வயதை அடைந்தது 2014க்கும் 2018க்கும் இடையில். ஆகவே புதிய திட்டம் ஒன்றின் பயனை அடுத்த ஆய்விலேயே முழுமையாக எதிர்பார்ப்பது முறையன்று. சட்டம் கடுமையாகுந்தோறும் வயதைக் கூட்டிச் சொல்லும் போக்கும் வளரக்கூடும் என்பதையும் ஆய்வாளர் மனத்திற் கொள்ள வேண்டும்.

உடல்நலக் கேடுகள்

பூப்பெய்தியவுடன் பெண்ணுடல் மகப்பேற்றுக்கு ஆயத்தமாகிவிடுகிறது என்னும் எண்ணம் தவறானது. பூப்புக்குப் பின்னும் சில ஆண்டுகள் உயரமும் இடுப்பெலும்பும் வளர்ந்து கொண்டே இருக்கும். அவ்வளர்ச்சி முடிவதற்குள் கருவுற்றால், பேற்றின் போது குழந்தை வெளிவர இயலாமல் தடைபடும் ஆபத்து மிகும். வளரும் தாயின் உடலும் கருவும் ஒரே உணவிலிருந்து சத்தைப் பெற வேண்டியிருப்பதால் இரண்டுமே நலிவடைகின்றன. 20 முதல் 24 வயதினரைவிட 10 முதல் 19 வயதுத் தாய்மார்களுக்குப் பேறுகால வலிப்பு நோயும், பேற்றுக்குப் பின் கருப்பையில் ஏற்படும் தொற்றும் அதிகம் நேர்வதாக உலக சுகாதார நிறுவனம் கூறுகிறது.

நமது நாட்டில் இவ்வாபத்தை இரத்தசோகை மேலும் பெருக்குகிறது. 15-19 வயதுப் பெண்களில் இரத்தசோகை உடையோர் 2015-16இல் 54.1 சதவீதமாயிருந்து 2019-21இல் 59.1 சதவீதமாக உயர்ந்தனர். அதே வயதினரில் தாயானோரும் கருவுற்றிருந்தோரும் சேர்ந்து 2005-06இல் 16 சதவீதம், 2019-21இல் 6.8 சதவீதம். பின்னைய ஆண்டுகளில் இவ்விகிதம் நகர்ப்புறத்தில் 3.8 ஆகவும், கிராமப்புறத்தில் 7.9 ஆகவும், திரிபுராவில் 21.9 ஆகவும், மேற்கு வங்கத்தில் 16.4 ஆகவும் இருந்தது.

தீங்கு தாயோடு நின்றுவிடுவதில்லை. 2015-16ஆம் ஆண்டின் குடும்பநல ஆய்வுத் தரவுகளைக் கொண்டு 2019இல் வெளியான ஓர் ஆராய்ச்சி, வயதில் முதிர்ந்த தாய்மாரின் குழந்தைகளோடு ஒப்பிட்டபோது, வளரிளம் பருவத்திலேயே தாயானோரின் குழந்தைகளிடையே வயதுக்கேற்ற உயரமின்மை 10 சதவீதப் புள்ளிகள் அதிகம் எனக் கண்டது. தாயின் ஊட்டக்குறைவு, குறைந்த கல்வி, மருத்துவ வசதிகளைப் போதிய அளவு பெறாமை, குழந்தைக்கு உணவூட்டும் முறை, வீட்டின் வறிய சூழல் ஆகிய வழிகளில் இத்தீங்கு குழந்தையைச் சென்றடைகிறது.

காரணமா, உடன்நிகழ்வா?

இங்கு ஒரு வினா எழுகிறது. இளவயதில் மணம் செய்விக்கப்படும் பெண்கள் பெரும்பாலும் ஏழைக் குடும்பத்தினர். அவர்களது உடல்நலமும் கல்வியும் குன்றியிருப்பது வறுமையின் விளைவா, மணத்தின் விளைவா? இரண்டையும் பிரித்தறியாது செய்யும் எந்த ஒப்பீடும் முழுமையாகாது.

எரிக்கா ஃபீல்டு, அட்டிலா ஆம்ப்ரஸ் என்னும் பொருளாதார ஆய்வாளர் இருவர் இச்சிக்கலுக்கு ஒரு வழி கண்டனர். வங்காளதேசத்தின் கிராமப்புறங்களில் பெண் பூப்பெய்திய பின்னரே மணப்பேச்சு தொடங்குகிறது. ஒரே வகையான குடும்பங்களில் பிறந்த இருவருள் ஒருத்தி ஓராண்டு முன்பும் மற்றவள் ஓராண்டு பின்பும் பூப்பெய்துவது பெரும்பாலும் இயற்கையின் தற்செயல். எனவே தாமதமாகப் பூப்பெய்தியதால் தாமதமாக மணமான பெண்களை மற்றவரோடு ஒப்பிட்டால், வறுமையின் விளைவு விலகி மணவயதின் விளைவு தனித்துத் தெரியும். 2008இல் வெளியான அவர்களது ஆய்வு, மணம் ஓராண்டு தள்ளிப்போனால் பெண்ணின் பள்ளிப்படிப்பு ஏறத்தாழ 0.22 ஆண்டு கூடுவதாகவும், எழுத்தறிவு வாய்ப்பு 5.6 சதவீதம் உயர்வதாகவும் கண்டது. மணவயது தன்னளவிலேயே விளைவுகளை உண்டாக்கும் காரணி என்பது இதனால் உறுதிப்பட்டது.

பெற்றோரின் கணக்கு

இவ்வளவு தீங்குகள் இருந்தும் பெற்றோர் ஏன் மகளுக்கு விரைந்து மணம் முடிக்கின்றனர்? அறியாமை என்று மட்டும் கூறிவிடுதல் பொருந்தாது. பெண்ணின் வயதும் படிப்பும் கூடினால் அதற்கேற்ற மாப்பிள்ளைக்கு வரதட்சணையும் கூடும். உயர்நிலைப் பள்ளி தொலைவில் இருந்தால் வழியில் மகளுக்கு நேரக்கூடிய தீங்கு பற்றிய அச்சம் பெற்றோரை வாட்டுகிறது. ராஜஸ்தானில் அட்சய திருதியை நாளிலும், மூத்தோர் இறந்தபின் நடத்தும் பெருவிருந்தின் போதும், ஒரே செலவில் பல பிள்ளைகளின் மணத்தை முடித்துவிடும் வழக்கம் உண்டு. மூத்தவளுடன் இளையவளும் மணமேடை ஏறுவதற்கு இச்சிக்கனமே காரணம்.

உறவுமுறை அமைப்புக்கும் இதில் பங்குண்டு. டைசன், மூர் ஆகியோர் 1983இல் எழுதிய கட்டுரையொன்றில், வட இந்தியாவில் ஊருக்கு வெளியே, அறிமுகமில்லாத குடும்பத்தில் பெண்ணைக் கொடுக்கும் வழக்கமும், தென்னிந்தியாவில் நெருங்கிய உறவில் மணம் முடிக்கும் வழக்கமும் பெண்ணின் தன்னுரிமையையும் மக்கள்தொகைப் போக்கையும் வெவ்வேறாக வடிவமைக்கின்றன எனக் காட்டினர். வடக்கின் பல பகுதிகளில் மணம் முடிந்த பின்னரும் ‘கௌனா’ என்னும் சடங்கு நடக்கும்வரை பெண் பிறந்தகத்திலேயே இருப்பாள். மணநாளுக்கும் கூடிவாழத் தொடங்கும் நாளுக்கும் இடையேயுள்ள இவ்விடைவெளியைக் கருதாமல் வெவ்வேறு மாநிலங்களின் உடல்நல விளைவுகளை ஒப்பிடுதல் பிழைக்கு இடமளிக்கும்.

ஊக்கத்தொகைகளின் படிப்பினை

பெற்றோரின் இக்கணக்கை மாற்றவே மாநில அரசுகள் பல திட்டங்களை வகுத்தன. அரியானாவில் 1994இல் தொடங்கப்பட்ட ‘நம் மகள், நம் செல்வம்’ திட்டத்தின்படி, பெண் பிறந்தவுடன் அவள் பெயரில் 2,500 ரூபாய் சேமிப்புப் பத்திரத்தில் இடப்பட்டது. அவள் 18 வயது வரை மணமாகாதிருந்தால் 25,000 ரூபாய் பெறலாம். முதற் பயனாளிகள் 2012இல் அவ்வயதை எய்திய பின் செய்யப்பட்ட மதிப்பீட்டில், இத்தொகை 18க்குட்பட்ட மணங்களைக் குறைத்ததாகத் தெரியவில்லை. பல குடும்பங்கள் அதனை மணச்செலவுக்கென அரசு அளித்த உதவியாகவே கருதின. பயனாளிகள் 18 வயது நிறைந்த உடனேயே மணம் செய்விக்கப்படுவதும் மிகுதியாகக் காணப்பட்டது.

பீகாரில் 2006இல் தொடங்கிய மிதிவண்டித் திட்டம் வேறு வகையானது. ஒன்பதாம் வகுப்பில் சேரும் மாணவியருக்கு மிதிவண்டி வாங்கப் பணம் அளிக்கப்பட்டது. கார்த்திக் முரளிதரன், நிஷித் பிரகாஷ் ஆகியோர் பீகாரின் மாணவியரை அம்மாநில மாணவர்களுடனும் அண்டை மாநிலமான ஜார்க்கண்டுடனும் ஒப்பிட்டு ஆராய்ந்தனர். உயர்நிலைப் பள்ளியில் உரிய வயதில் பயிலும் பெண்களின் விகிதம் 32 சதவீதம் உயர்ந்ததென்றும், ஆண் பெண் வேறுபாடு 40 சதவீதம் குறைந்ததென்றும், பள்ளி தொலைவில் இருந்த ஊர்களிலேயே பயன் மிகுதியென்றும் அவர்கள் கண்டனர். பீகாரில் குழந்தை மணம் இன்னும் மிகுதியாகவே இருப்பதால், பள்ளிச் சேர்க்கை மட்டுமே மணத்தைத் தள்ளிப்போட்டுவிடும் என்று கொள்ளுதல் இயலாது. ஆயினும் அன்றாடத் தடையொன்றை நீக்குவது, பல்லாண்டு கழித்துக் கிடைக்கும் தொகையைவிட விரைந்து செயற்படுகிறது என்பது தெளிவு.

மேற்கு வங்கத்தின் அனுபவம் சிந்தனைக்குரியது. 2013இல் தொடங்கிய கன்யாஸ்ரீ திட்டம் ஆண்டுதோறும் உதவித்தொகையும், மணமாகாது கல்வியைத் தொடர்வோர்க்கு 18 வயதில் 25,000 ரூபாயும் அளிக்கிறது. 2017இல் ஐக்கிய நாடுகளின் பொதுச்சேவை விருதையும் அது பெற்றது. எனினும் 18க்கு முன் மணமானோர் விகிதம் 2015-16இலும் 2019-21இலும் அதே 41.6 ஆக நின்றது. கணக்கெடுக்கப்பட்ட பெண்கள் திட்டத்தின் தொடக்கத்தில் 13 வயதைக் கடந்திருந்தமையால், அவர்களுக்குப் பயன் ஓரளவே கிட்டியது என்பது உண்மை. ஆனால் அதனால் மட்டும் இத்தேக்கத்தை முற்றிலும் விளக்கிவிட முடியாது. பள்ளிப்படிப்பின் முடிவில் பெண்ணுக்கு வேலைவாய்ப்போ மேற்கல்வியோ காத்திராவிடில், பெற்றோர்க்கு மணத்தைத் தவிர வேறு வழி புலப்படுவதில்லை.

தண்டனையும் மருத்துவமனை வாயிலும்

சட்டத்தின் கடுமை உடல்நலப் பணியோடு மோதும் இடமும் உண்டு. 2012இல் இயற்றப்பட்ட குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து பாதுகாக்கும் சட்டம், 18 வயதுக்குட்பட்டவர் மீதான பாலியல் குற்றத்தை அறியவரும் எவரும் காவல்துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என விதிக்கிறது. மனைவி 15 வயதைக் கடந்தவளாயின் கணவன் குற்றவாளியாகான் என்றிருந்த விதிவிலக்கை உச்சநீதிமன்றம் 2017 அக்டோபரில் 18 வயது எனத் திருத்திப் பொருள் கொண்டது. 2024 ஜூலை முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நியாய சன்ஹிதாவும் அவ்வயதையே ஏற்றுள்ளது. நீதியின் நோக்கில் இவை தேவையானவை என்பதில் ஐயமில்லை.

ஆனால் 17 வயதில் கருவுற்ற பெண்ணொருத்தியின் நிலையிலிருந்து இதனை நோக்க வேண்டும். மருத்துவமனைக்குச் சென்றால் கணவன் சிறை செல்வான் என அஞ்சும் குடும்பம், அவளை வீட்டிலேயே வைத்துப் பேறு பார்க்கத் துணியலாம். மருத்துவ உதவி மிகுதியாகத் தேவைப்படுபவளே அதனின்று விலகி நிற்க நேரிடுகிறது. 2023 பிப்ரவரியில் அசாமில் மூவாயிரத்துக்கும் மேற்பட்டோர் கைது செய்யப்பட்டபோது இவ்வச்சம் வெளிப்படையாகவே பேசப்பட்டது. கைதுகளால் குடும்ப வாழ்வில் நேர்ந்த குழப்பத்தைச் சுட்டிக்காட்டிய கவுகாத்தி உயர்நீதிமன்றம், தன்னை அணுகிய சிலருக்கு முன்ஜாமீன் வழங்கியது. கருக்கலைப்புக்கு வரும் 18 வயதுக்குட்பட்ட பெண்ணின் பெயரையும் அடையாளத்தையும் மருத்துவர் காவல்துறைக்கு வெளியிட வேண்டியதில்லை என உச்சநீதிமன்றம் 2022 செப்டம்பர் 29ஆம் நாள் தீர்ப்பளித்தது இச்சிக்கலை உணர்ந்தே. பேறுகாலக் கவனிப்புக்கு வருவோர்க்கும் இத்தகைய பாதுகாப்பு வேண்டுமா என்பது ஆராயப்பட வேண்டும்.

தடுப்புப் பணியில் ஈடுபடுவோரின் பாதுகாப்பும் புறக்கணிக்கத்தக்கதன்று. ராஜஸ்தான் அரசின் மகளிர் வளர்ச்சித் திட்டத்தில் ஊர்ப்பணியாளராயிருந்த பன்வாரி தேவி, 1992இல் பட்டேரி கிராமத்தில் ஒரு குழந்தை மணத்தைத் தடுக்க முயன்றதன் பழியாகக் கூட்டு வன்கொடுமைக்கு ஆளானார். பணியிடத்தில் மகளிர் பாதுகாப்புக்கு வழிவகுத்த 1997ஆம் ஆண்டின் விசாகா தீர்ப்புக்கு அக்கொடுமையே தோற்றுவாய். கீழ்நிலைப் பணியாளர் ஒருவரிடம் ஊரின் வழக்கத்தையே எதிர்க்குமாறு பணிக்கும் அரசு, அவருக்குத் துணைநிற்கவும் கடமைப்பட்டுள்ளது.

செய்யத் தக்கவை

2024 அக்டோபர் 18ஆம் நாள் அளித்த தீர்ப்பில், வழக்குத் தொடுப்பதற்கு முன் தடுப்புக்கே முதலிடம் தர வேண்டும் என உச்சநீதிமன்றம் வலியுறுத்தியது. அடுத்த மாதம் மத்திய அரசு ‘குழந்தை மணமற்ற பாரதம்’ இயக்கத்தைத் தொடங்கியது. இதுவரை கண்ட ஆய்வுகளின் ஒளியில் சில முடிவுகள் தெளிவாகின்றன. குழந்தை மணத் தடுப்பு அலுவலர் பொறுப்பைப் பல பணிகளோடு கூடிய கூடுதல் சுமையாக்காது, அதற்கென ஒருவரை அமர்த்துதல் வேண்டும். உயர்நிலைப் பள்ளிக்குச் செல்லும் வழியும் போக்குவரத்தும் பாதுகாப்பாக அமைய வேண்டும். ஊக்கத்தொகை 18 வயதில் ஒருமுறை தரப்படும் மணச்செலவாக முடியாமல், கல்வியோடும் தொழிற் பயிற்சியோடும் பிணைக்கப்பட வேண்டும். முன்பே மணமாகிவிட்ட இளம் பெண்களுக்கு, முதற் கருவைத் தள்ளிப்போடும் முறைகளும் இரத்தசோகைக்கான மருத்துவமும் அச்சமின்றிக் கிடைக்க வேண்டும். மாநில சராசரியோடு நில்லாது, மாவட்ட அளவில் நிலைமையைக் கணித்துப் பணியைத் திட்டமிடுதலும் இன்றியமையாதது.

சாரதா சட்டம் முதல் இன்றுவரை ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு கடந்துவிட்டது. சட்டம் வழிகாட்டியது, அதன்பின் கல்வியும் வருவாயும் மருத்துவ வசதியும் பரவிய இடங்களில் வழக்கம் மாறியது. அவை பரவாத மாவட்டங்களில் வாழும் பெண்ணுக்கு, மணத்தைத் தவிர்த்து எதிர்நோக்க வேறொரு வாழ்வும் உண்டு என்னும் நம்பிக்கையை அளிப்பதே இனி எஞ்சியுள்ள பணியாகும்.